எருதும் வினாகிரியும்: வன்னி அடுப்பில் ஒரு ஜேர்மானிய ஊணின் வரலாறு

ஒரு சமூகத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் கல்வெட்டையும் செப்பேட்டையும் அரச ஆவணங்களையும் தேடிச் செல்வது வழக்கம். அச்சமூகத்தின் அடுப்பைத் தேடிச் செல்வோர் மிகச் சிலரே. ஆயினும் ஒரு மக்கட் கூட்டம் எதனை உண்டது, எதனை உண்ண மறுத்தது, மறுத்ததை உண்டோரை எங்ஙனம் நடத்தியது என்னும் வினாக்கள் அதன் பொருளாதாரத்தையும் சமூக அடுக்கையும் ஒருங்கே புலப்படுத்துவன. இவ்வகையில் நோக்குமிடத்து, ஒரு சட்டி இறைச்சியும் வரலாற்று ஆவணமே.

ஜேர்மனியின் றைன் ஆற்றுப் பகுதியிற் பெயர்பெற்ற ஊண் ஒன்று 'சவர்பிராட்டன்' எனப்படும். 'புளிப்பூட்டிய வாட்டிறைச்சி' என்பது அதன் பொருள். மாட்டின் தொடைப்பகுதி வினாகிரியிற் சில நாள் ஊறி, பின்பு சிறு நெருப்பில் மணிக்கணக்காக வெந்து, இனிப்பும் புளிப்பும் கலந்த கட்டிக் குழம்போடு பரிமாறப்படும். 1983 இன் பின் ஜேர்மனியிற் குடியேறிய ஈழத்தமிழர் அந்நாட்டு இறைச்சியுணவுகளை மிளகாயோடும் கறித்தூளோடும் தம் வீட்டு அடுப்பில் ஏற்றியபோது கலப்புச் சமையல் ஒன்று உருவாயிற்று. அத்தகைய மாட்டிறைச்சி ஊண் ஒன்றைக் கிளிநொச்சியிலோ முல்லைத்தீவிலோ வவுனியாவிலோ உள்ள ஒரு வீட்டில் ஆக்கப் புகுந்தால், அதற்கு எதிர்ப்பு எங்கிருந்து எழும்? நாவிலிருந்து எழாது. புளிப்பும் இனிப்பும் உறைப்பும் நீண்ட வேகலும் வன்னிக்குப் புதியன அல்ல. எதிர்ப்பு எழுவது மாடு என்ற பெயரிலிருந்தே. அப்பெயரின் பின்னால் உழைப்பும் சமயமும் சாதியும் ஆட்சியதிகாரமும் திரண்டு நிற்கின்றன. அவற்றை வேறுபிரித்து நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

காட்டிறைச்சியும் தேனும்

வன்னி பெருநிலப்பரப்பு குளங்களாலும் காடுகளாலும் ஆனது. குளத்தின் கீழ் நெல். மேட்டு நிலத்திற் சேனைப்பயிர். அவற்றுக்கு அப்பாற் காடு. இம்முன்றையும் நம்பி வாழ்ந்த மக்களுக்கு மானும் மரையும் பன்றியும் முயலும் உடும்பும் காட்டுக்கோழியும் உணவாயின. வேட்டையில் வீழ்ந்த பெரிய விலங்கை ஒரே நாளில் உண்டு முடித்தல் இயலாது. ஆகவே இறைச்சியை நீளக் கீறி, உப்பிட்டு, வெயிலிலும் புகையிலும் உலர்த்தி வத்தலாக்கும் முறை வழங்கியது. உலர்ந்து இறுகிய அவ்விறைச்சியை மீண்டும் உண்ணத்தக்கதாக்குவதற்கு நீரும் புளியும் நீண்ட நேர நெருப்பும் வேண்டியிருந்தன.

தேனும் இறைச்சியைக் காக்கும் பொருளாக விளங்கியது. 1660 ஆம் ஆண்டு சிறைப்பட்டு ஏறத்தாழ 20 ஆண்டுகள் கண்டி இராச்சியத்தில் வாழ்ந்த றொபேட் நொக்ஸ் என்னும் ஆங்கிலேயர், 1681 இல் இலண்டனில் வெளியான தம் நூலில் இதனைக் குறிப்பிட்டுள்ளார். காட்டில் வாழும் வேடர் மரப்பொந்தினுள் தேனை வார்த்து, அதனுள் இறைச்சியை இட்டு நிரப்பி, வாயைக் களிமண்ணால் அடைத்துப் பஞ்சகாலத்துக்கென வைத்திருந்தனர் என்பது அவர் தரும் செய்தி. இதே நொக்ஸ் 1679 இல் தப்பியோடியபோது அநுராதபுரத்திலிருந்து மல்வத்து ஓயாவின் கரையைப் பற்றி நடந்து, ஒல்லாந்தரின் அரிப்புக் கோட்டையை அடைந்தவர். அவ்யாறு தமிழர் வாயில் அருவியாறு ஆவது. வன்னியின் காட்டு விளிம்பைக் கடந்து சென்ற அம்மனிதர், அக்காலத்து வன்னித் தலைவனான கயிலாய வன்னியனின் நாட்டையும் தம் நூலிற் பெயர் சுட்டிக் குறித்துள்ளமை நோக்கற்பாலது.

இங்கு ஒன்றை மனங்கொள்ளல் வேண்டும். இறைச்சியை இனிப்புப் பொருளிற் காத்தல், புளியால் அதன் கவிச்சையை அடக்கல், சிறு நெருப்பில் நீண்ட நேரம் வேகவைத்தல் ஆகிய மூன்றும் ஒரு நாட்டுக்கே உரிய கலைகள் அல்ல. கடினமான இறைச்சியும் நீண்ட பஞ்சகாலமும் உள்ள இடமெங்கும் மனிதர் தாமாகவே கண்டறிந்த உத்திகள் இவை. றைன் ஆற்றங்கரைக் குடியானவனும் வன்னிக் காட்டோர வேட்டுவனும் ஒருவரை ஒருவர் அறியாமலே ஒரே விடையை அடைந்தனர்.

எருது என்னும் உழைப்பாளி

காட்டு விலங்கை உண்ட வன்னியான் வீட்டு மாட்டை உண்ணாது விட்டது ஏன்? சமயமே காரணம் எனப் பொதுவாகக் கூறிவிடுவர். அவ்விடை முழுமையானதன்று.

பழந்தமிழ் நூல்கள் வேறொரு நிலையைக் காட்டுகின்றன. அகநானூற்றின் பாலைப் பாடல்கள் சிலவற்றில் ஆநிரை கவர்ந்து சென்ற மறவர் ஆவின் ஊனை உண்டமை பேசப்படுகிறது. போரிலே வென்ற ஏற்றின் தோலை உரித்து மயிர் சீவாது வீரமுரசுக்குப் போர்த்த செய்தியைப் புறநானூறு தருகிறது. ஏறக்குறைய ஏழாம் நூற்றாண்டுக்கு வரும்போது நிலை மாறிவிடுகிறது. ஆவை உரித்து உண்போர் ஆயினும் சிவனடியார் எனில் அவர் தாம் வணங்கும் கடவுள் ஆவர் என அப்பர் பாடினார். அவ்வடிகளின் பக்தி உள்ளம் போற்றத்தக்கது. அதே வேளை, ஆவூன் உண்ணல் அக்காலத்திற் சமூகத்தின் கடைப்படியைச் சுட்டும் அடையாளம் ஆகிவிட்டது என்பதற்கும் அப்பாடலே சான்று. கடைப்படியில் நிற்பவன் என்று எல்லோரும் அறிந்திருந்தாலன்றி, 'ஆயினும்' என்ற சொல்லுக்கு அங்கு வேலை இல்லை.

இம்மாற்றத்தின் அடியில் உழவு இருக்கின்றது. குளத்து நீரை நம்பி நெல் விளைவிக்கும் நாட்டில் எருதே மூலதனம். வன்னியில் எருமைகளை வயலில் மிதிக்கவிட்டுச் சேறாக்கினர், எருதுகளைப் பூட்டி உழுதனர், அறுவடையின் பின் களத்தில் மாடுகளைச் சுற்றி நடத்திச் சூடடித்தனர், வண்டியில் நெல்லேற்றினர். குழுமாடு எனப்பட்ட காட்டு மாடுகளையும் பிடித்துப் பழக்கினர். பட்டியின் அளவே ஒருவனின் செல்வத்தின் அளவாயிற்று. மாட்டின் உடலிற் சுடப்பட்ட குறி அவன் குடும்பத்தின் பெயராயிற்று. தைப்பொங்கலின் மறுநாள் பட்டிப்பொங்கல் கொண்டாடி மாட்டுக்குப் பொங்கல் ஊட்டினர். ஆண்டு முழுதும் நுகம் சுமந்தவனை அடுப்பில் ஏற்றுவது நன்றி கொன்ற செயலாகக் கருதப்பட்டதில் வியப்பில்லை. எருதை உண்பவன் அடுத்த ஆண்டின் விதைப்பை உண்பவன் ஆகிறான் என்ற கமக்காரனின் கணக்கும் அந்நன்றியுணர்வுக்குத் துணை நின்றது.

ஆயினும் மாடு இறவாப் பிறவி அன்று. மூப்பாலும் நோயாலும் இறந்த மாட்டை யாரோ ஒருவர் எடுத்தல் வேண்டும். தோலை உரித்தலும் வாரும் கயிறும் செய்தலும் பறைக்குத் தோல் போர்த்தலும் யாரோ ஒருவர் செய்தல் வேண்டும். அவ்வேலை தாழ்த்தப்பட்டோர்மீது சுமத்தப்பட்டது. கண்டி நாட்டில் ஒதுக்கப்பட்ட றொடியர், மாட்டுத் தோலைத் திரித்து யானை கட்டும் கயிறு செய்தனர். அக்கயிற்றின் வலிமையை அரசன் விரும்பினான். அதனைத் திரித்த கையை எவரும் தீண்டவில்லை. தமிழ்ப் பகுதியிலும் இவ்வாறே நிகழ்ந்தது. பறையின் ஒலி மரணச் சடங்குக்கும் கோயில் விழாவுக்கும் வேண்டியிருந்தது. அதனை முழக்கியவன் வாயிலுக்கு வெளியே நிறுத்தப்பட்டான். மாட்டால் வரும் பயன் அனைத்தையும் மேலோர் பெற்றனர்; அதன் இறப்பால் வரும் இழிவு அனைத்தும் கீழோர்க்கு ஆயிற்று. இறந்த மாட்டின் ஊனை உண்ண நேர்ந்தவன் வறுமையால் உண்டான். பின்னர் அவன் உண்டதே அவன் தாழ்வுக்குக் காரணம் எனக் கூறப்பட்டது. விளைவைக் காரணமாகக் காட்டும் இத்தலைகீழ் நியாயம் சாதியமைப்பின் பழைய உத்திகளுள் ஒன்றாகும்.

அந்நியர் அடுக்களை

மாட்டிறைச்சி உண்போர் தாழ்ந்தோர் என்ற விதி ஐரோப்பியர் வந்தபோது பெருஞ் சோதனைக்குள்ளாயிற்று. ஆள்பவனே அதனை உண்டான். 1619 இல் யாழ்ப்பாண இராச்சியத்தைப் போர்த்துக்கேயர் தம் நேரடி ஆட்சிக்குட் கொணர்ந்தனர். அவர்கள் காலத்திய மரபுச் செய்தி ஒன்று யாழ்ப்பாணத்தார் அனைவரும் அறிந்தது. அதிகாரியின் சமையலறைக்கு வீட்டுக்கு வீடு முறைவைத்துப் பசு அனுப்பப்பட வேண்டியிருந்ததாம். தம் முறை வந்தபோது திருநெல்வேலி ஞானப்பிரகாசர் அதற்கு உடன்படாது இரவோடிரவாக ஊரை நீங்கி இந்தியா சென்று, துறவு பூண்டு, சிதம்பரத்தில் திருக்குளம் அமைத்தார் என்பர். அவர் வழிவந்தவராகவே ஆறுமுக நாவலர் (1822–1879) கருதப்படுகிறார். பசு ஈண்டு உணவுப்பொருள் மட்டுமன்று, அது திறை. ஆள்பவனின் ஊண்மேசைக்குத் தன் பட்டியிலிருந்து உயிரொன்றை அனுப்புதல் அடிமைமுறியில் ஒப்பமிடுதலை ஒக்கும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் சைவ எழுச்சியில் மாட்டிறைச்சி மறுப்பு இத்துணை உணர்ச்சி வேகம் பெற்றமைக்கு அந்நினைவும் ஒரு காரணம் எனலாம்.

1658 இல் யாழ்ப்பாணக் கோட்டை ஒல்லாந்தர் வசமாயிற்று. ஒல்லாந்தர் என நாம் வழங்கும் சொல்லுள் ஜேர்மானியர் பலர் மறைந்து நிற்கின்றனர். ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனியின் கப்பல்களில் இரு நூற்றாண்டுக் காலத்தில் ஏறத்தாழப் பத்து இலட்சம் பேர் ஆசியாவை நோக்கிப் புறப்பட்டனர். அவருட் பெருந்தொகையினர், சிறப்பாகப் போர்வீரர், ஜேர்மன் மொழி பேசும் நாடுகளைச் சேர்ந்த ஏழை இளைஞர். நூரன்பேர்க் நகரத்தவரான யொகான் யாக்கோப் சார், வூர்ட்டம்பேர்க்கைச் சேர்ந்த கிறிஸ்தோப் சுவைற்சர் முதலானோர் இலங்கையிற் சேவை செய்து நாடு திரும்பி, தாம் கண்டவற்றை ஜேர்மன் மொழியில் நூலாக்கினர். சாரின் நூல் 1662 இல் வெளிவந்தது.

இவர்கள் பணிபுரிந்த கம்பனி இலங்கையிற் பெரிதும் நாடியது கறுவாவையே. அக்கறுவா ஐரோப்பியச் சந்தைகளுக்குச் சென்று, ஜேர்மானிய அடுக்களைகளையும் அடைந்தது. சாரின் சொந்த நகரான நூரன்பேர்க், தேனும் கறுவாவும் கராம்பும் சேர்த்துச் செய்யப்படும் 'லேப்கூகன்' என்னும் பணியாரத்துக்குப் பெயர்பெற்றது. றைன் பகுதியில் சவர்பிராட்டனின் குழம்பைத் தடிப்பாக்குவதற்கு இவ்வகைப் பணியாரத்தையே உதிர்த்து இடுவர். ஆகவே முழுமையாக ஜேர்மானியமானது என எண்ணப்படும் அச்சட்டிக்குள் இலங்கை முன்னரே புகுந்திருந்தது.

வன்னியோடு ஜேர்மானியருக்கு நேரடியான தொடர்பும் உண்டு. அது சமையல் சார்ந்ததன்று, போர் சார்ந்தது. யானைகளைத் திறையாகச் செலுத்தி வந்த வன்னியர், வாய்ப்பு நேர்ந்தபோதெல்லாம் அதனை நிறுத்தினர். 1782 இல் ஒல்லாந்தர் படைகொண்டு வன்னியை அடக்கினர். அதன் பின் அங்கு ஆட்சி நடத்திய லெப்டினன்ட் தோமஸ் நாகல் 1793 இல் வன்னி பற்றி எழுதிய அறிக்கை, இப்பகுதியின் வரலாற்றுக்கு முக்கியமான மூலமாகும். 1795 இல் ஆங்கிலேயர் வந்தனர். 1803 ஆகஸ்ட் 25 இல் பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையைக் கைப்பற்றியபோது, அங்கிருந்த படைக்குத் தலைமை தாங்கி, படகேறி யாழ்ப்பாணத்துக்குப் பின்வாங்கியவர் கப்டன் வொன் டிறிபேர்க். அவர் பெயரே ஜேர்மானிய வழியைக் காட்டுகின்றது. அதே ஆண்டு ஒக்டோபர் 31 இல் அவரே கற்சிலைமடுவில் வன்னியனை எதிர்பாராது தாக்கி வென்றார். அதனைக் கூறும் ஆங்கிலக் கல்வெட்டு அவ்விடத்தில் நாட்டப்பட்டது.

இக்குடியேற்ற வீரர் பலர் நாடு திரும்பவில்லை. இங்கேயே மணம்புரிந்து தங்கியோரின் வழித்தோன்றல்களே பறங்கியர். அவர்தம் இல்லங்களில் 'ஸ்மோர்' என்னும் மாட்டிறைச்சி ஊண் நிலைபெற்றது. ஒல்லாந்த மொழியின் 'ஸ்மோறன்', ஜேர்மன் மொழியின் 'ஷ்மோறன்' ஆகியன ஒரே வேரின. மூடிய சட்டியிற் சிறு நெருப்பில் வேகவைத்தலே இரண்டன் பொருளும். இறைச்சித் துண்டு முழுமையாக வினாகிரியில் ஊறும், அது ஐரோப்பா. பின்பு தேங்காய்ப்பாலிலும் கறுவாவிலும் வெந்தயத்திலும் மிளகாயிலும் றம்பையிலும் வேகும், இது இலங்கை. வெந்தபின் மெல்லிய வில்லைகளாக அரிந்து, தடித்த குழம்பு ஊற்றப்படும். இன்று புதுமையெனப் பேசப்படும் கலப்புச் சமையல் இந்நாட்டில் நூற்றாண்டுகட்கு முன்னரே நிகழ்ந்துவிட்டது என்பதற்கு இஃது எடுத்துக்காட்டு.

இங்கே ஒரு முரணைக் காண்டல் வேண்டும். பறங்கி உத்தியோகத்தர் வீட்டு மேசையில் வெள்ளிக் கரண்டியோடு வைக்கப்பட்ட மாட்டிறைச்சி நாகரிகத்தின் அடையாளமாயிற்று. சேரியின் மண்சட்டியில் வெந்த மாட்டிறைச்சி இழிவின் அடையாளமாகவே நீடித்தது. முன்னவர்முன் கைகட்டி நின்றவரே பின்னவரைக் கிணற்றடியிலிருந்து விரட்டினர். ஊன் ஒன்று, நெருப்பு ஒன்று, உண்டவர்தாம் வேறு. இழிவு இறைச்சியில் உறைவதாயின் இரு மேசைகளிலும் உறைந்திருத்தல் வேண்டும். அங்ஙனம் உறையாமையால், அது மனிதர் மனிதர்மீது ஏற்றிய ஒன்றே என்பது பெறப்படும்.

ஜேர்மானியரும் தம் விலக்கும்

உணவு விலக்கு தமிழருக்கே உரிய பின்தங்கிய வழக்கம் என எண்ணுவோரும் உளர். அவர்கள் ஜேர்மானியரின் வரலாற்றையே நோக்குதல் தகும். கிறித்தவத்துக்கு முற்பட்ட ஜேர்மானியக் குலத்தார் குதிரையைத் தெய்வங்களுக்குப் பலியிட்டு அதன் ஊனை உண்டனர். கி.பி. 732 அளவிற் பாப்பரசர் மூன்றாம் கிறகோரி, ஜேர்மானியரிடையே சமயம் பரப்பிய பொனிபாசுவுக்கு எழுதிய மடலில் அவ்வழக்கத்தைத் தடைசெய்யுமாறு பணித்தார். பழைய வழிபாட்டின் வேரை அறுப்பதே அதன் நோக்கம். குதிரை போருக்கும் வேண்டிய விலங்காதலின் அவ்விலக்கு வேரூன்றுவது எளிதாயிற்று. உழைக்கும் விலங்கு, பழைய வழிபாடு, புதிய அதிகாரம் ஆகிய மூன்றும் அங்கும் ஒருங்கிணைந்தன.

ஆயினும் வறுமை விலக்கை முற்றாக ஏற்கவில்லை. றைன் பகுதியின் சவர்பிராட்டன் முற்காலத்திற் பெரும்பாலும் குதிரை இறைச்சியிலேயே சமைக்கப்பட்டது. ஆண்டுக்கணக்கில் வண்டியிழுத்து முதிர்ந்த விலங்கின் இறைச்சி கல்லைப்போல் இறுகியிருக்கும். அதனை மென்மையாக்கவும் நெடுநாள் கெடாது காக்கவுமே வினாகிரியும் நாட்கணக்கான ஊறலும் வேண்டப்பட்டன. இன்று உணவகங்களிற் சிறப்புணவாக வைக்கப்படும் அவ்வூண், தோற்றத்தில் உழைத்து ஓய்ந்த விலங்கை உண்ண நேர்ந்த ஏழைகளின் அறிவாற் பிறந்தது. வன்னியில் இறந்த எருதை எடுத்துச் சென்றவனுக்கும் றைன் கரையில் ஓய்ந்த குதிரையை வாங்கியவனுக்கும் இடையே உள்ள தூரம் கடலால் அளக்கப்படுவது, வாழ்க்கையால் அளக்கப்படுவதன்று.

அடுப்பில் நிகழும் இணைவு

இருபதாம் நூற்றாண்டில் வன்னியின் நிலை பலவகையில் மாறியது. 1902 இல் தொடங்கிய இரணைமடுக் குள வேலை 1920 அளவில் நிறைவெய்தியது. அதன் கீழ்க் குடியேற்றங்கள் எழுந்தன. 1958, 1977 ஆகிய ஆண்டுகளின் இனக்கலவரங்களின் பின் மலையகத் தமிழர் பலர் வவுனியா, கிளிநொச்சிப் பகுதிகளிற் குடியேறினர். உழவு இயந்திரம் எருதின் நுகத்தை இறக்கிவைத்தது. உணவகங்களில் சமத்துவம் வேண்டிய போராட்டங்களின் விளைவாக 1957 இல் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் நிறைவேறியது. சட்டம் எழுதப்பட்ட பின்னரும் தேநீர்க்கடைகளில் வேற்றுக் குவளைகள் நீடித்தமையையும், 1968 இல் மாவிட்டபுரம் ஆலய வாயிலில் நிகழ்ந்தவற்றையும் வரலாறு அறியும்.

வன்னியில் மாட்டிறைச்சி வணிகம் பெரும்பாலும் முஸ்லிம் மக்களிடமே இருந்தது. தண்ணீரூற்று, நீராவிப்பிட்டி முதலிய ஊர்களில் தலைமுறைகளாக வாழ்ந்த அம்மக்கள் 1990 ஒக்டோபரில் வடமாகாணத்தின் ஏனைய முஸ்லிம்களுடன் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். ஓர் ஊரின் இறைச்சிக்கடை மூடப்படும்போது வணிகம் மட்டும் மறைவதில்லை. அயலவர் இருவர் நாள்தோறும் பேசிக்கொண்ட இடமும் மறைகின்றது. 2009 இன் இறுதிப் போரிலோ, பட்டிகளை அவிழ்த்துவிட்டு மக்கள் கடற்கரையை நோக்கி இடம்பெயர்ந்தனர். உரியவரை இழந்த மாடுகள் காடுகளில் அலைந்தன. பட்டியே செல்வமாயிருந்த நாட்டில் அவ்விழப்பு எத்தகையதென்பதை விரித்தல் வேண்டா.

இதற்கிடையே 1983 ஜூலைக் கலவரத்தின் பின், தமிழ் இளைஞர் ஆயிரக்கணக்கானோர் கிழக்கு பேர்லின் விமான நிலையத்தில் இறங்கி மேற்கு பேர்லினுக்குள் புகுந்து அகதிகளாயினர். தொழில் அனுமதி பெற்றபின் பலருக்குக் கிடைத்தது உணவகங்களின் சமையலறை வேலையே. கோப்பை கழுவத் தொடங்கியோர் காலப்போக்கில் அடுப்பினருகே நின்றனர். முந்நூறு ஆண்டுகட்கு முன் ஜேர்மானிய ஏழை இளைஞன் பிழைப்புத் தேடி இலங்கைக்கு வந்தான். இப்போது இலங்கைத் தமிழ் இளைஞன் உயிர் தேடி ஜேர்மனிக்குச் சென்றான். அந்நாடும் கறித்தூளை அறியாததன்று. 1949 இல் பேர்லினில் ஹேர்ட்டா ஹொய்வர் என்னும் பெண்மணி கறித்தூள் கலந்த குழம்பைத் தொத்திறைச்சிமேல் ஊற்றி விற்கத் தொடங்கியது அந்நகரின் அடையாள உணவாகவே ஆயிற்று. 2002 இல் ஹம் நகரிற் காமாட்சி அம்பாள் ஆலயம் குடமுழுக்குக் கண்டது. மரக்கறி உணவோடு தேர்த்திருவிழாவுக்குச் செல்வோரும், வேற்று நாட்களில் வீட்டில் மாட்டிறைச்சி சமைப்போரும் ஒரே குடும்பத்தில் இருத்தல் அங்கு அரிதன்று.

இனி, அவ்வூண் வன்னி அடுப்பில் எவ்வாறு அமையும் என்பதை நோக்கலாம். ஒரு கிலோ அளவுள்ள தொடை இறைச்சியைத் துண்டாடாது முழுமையாக எடுத்து, முள்ளுக்கரண்டியாற் பல இடங்களிற் குத்தி, உப்பும் மிளகும் தடவி, நீர் கலந்த தென்னங்கள்ளு வினாகிரியில் வெங்காயத்தோடும் கராம்போடும் ஊறவிடுவர். ஜேர்மனியின் குளிரில் இவ்வூறல் மூன்று நாள் முதல் ஒரு வாரத்துக்கும் மேல் நீளும். வன்னியின் வெப்பத்திற் குளிரூட்டி இல்லாத வீட்டில் அது கேடு விளைக்கும். காலையிலிட்டு மாலையிற் சமைத்தலே தகும். புளிப்பு இறைச்சியின் மேற்பரப்பையே பெரிதும் பற்றுமாதலின் இதனாற் பேரிழப்பில்லை. மென்மையைத் தருவது நெருப்பே. உழைத்த தசையைப் பிணைத்து நிற்கும் கொலாஜன் என்னும் பொருள் ஈரவெப்பத்தில் மெல்ல மெல்ல ஜெலற்றினாக மாறும். அதற்கு இரண்டரை மூன்று மணி நேரம் வேண்டும். பெருநெருப்பு இட்டு அவசரப்படுவோர்க்கு இறைச்சி இறுகிவிடும்.

ஊறிய இறைச்சியை ஈரம் ஒற்றி, தடித்த சட்டியிற் சூடான எண்ணெயில் எல்லாப் பக்கமும் செம்மண்ணிறம் வரப் புரட்டியெடுத்தல் வேண்டும். அதே எண்ணெயில் வெங்காயம், உள்ளி, இஞ்சி ஆகியவற்றையும் கறித்தூளையும் வதக்கி, ஊறல் நீரில் ஒரு பகுதியை ஊற்றி, இறைச்சியை மீண்டும் இட்டு மூடுவர். லேப்கூகனுக்கு ஈடாக வன்னியில் உள்ளவை பனங்கட்டியும் கறுவாவும் வறுத்த அரிசிமாவும். பனங்கட்டி புளிப்பைத் தணிக்கும். மா குழம்பைத் தடிப்பாக்கும். வினாகிரி கிடையாவிடிற் பழப்புளி போதும். ஜேர்மானியர் உருளைக்கிழங்கு உருண்டையோடும் இனிப்புப் புளிப்பான செங்கோவாவோடும் உண்பர். வன்னியில் அவற்றின் இடத்தைப் பிட்டும் கோவா வறையும் நிரப்பும். குழம்பை உறிஞ்சும் தொழிலில் பிட்டு எந்த உருண்டைக்கும் குறைந்ததன்று. ஆக்கி முடித்ததை நோக்கினால் எது வந்தது, எது இருந்தது எனப் பிரித்தல் அரிது. தேனில் மரை இறைச்சியை இட்டவனின் அறிவும், குதிரையை வினாகிரியில் இட்டவனின் அறிவும், பறங்கி இல்லத்துச் சமையற்காரியின் அறிவும், பேர்லினில் கோப்பை கழுவியவனின் அறிவும் ஒரே சட்டியிற் கூடுகின்றன.

முடிவுரை

இதுவரை நோக்கியவற்றால் இரு உண்மைகள் தெளிவாகின்றன. முதலாவது, சமையல் நுட்பத்துக்குத் தேசம் இல்லை. அந்நியம் எனத் தோன்றும் ஊணுள் நம் கறுவாவும், நமதெனத் தோன்றும் ஊணுள் அந்நியரின் வினாகிரியும் கலந்துள்ளன. இரண்டாவது, உணவு விலக்குகள் வாழ்க்கைத் தேவையிலிருந்து பிறக்கின்றன. பிறந்தபின் மனிதரை மனிதர் அளக்கும் கோலாக மாற்றப்படுகின்றன.

எருதை உண்ண மறுத்த கமக்காரனின் நன்றியுணர்வு மதிக்கத்தக்கது. பசுவைத் திறையாக அனுப்ப மறுத்து ஊர் நீங்கியவரின் உறுதி அதனினும் மதிக்கத்தக்கது. மறுத்தல் அவர்தம் உரிமை. அவ்வுரிமையை அயலவன் அடுப்பை இழித்தற்குரிய அதிகாரமாகக் கொள்வதே தவறு. 2020 செப்டெம்பரில் இலங்கையில் மாடறுப்புத் தடை பற்றிய யோசனை அமைச்சரவையிற் கொள்கையளவில் ஏற்கப்பட்டபோதும், உண்போர்க்கென இறைச்சியை இறக்குமதி செய்வது அதனுடன் சேர்த்தே பேசப்பட்டது. விலங்கின்மீது கொண்ட இரக்கம் ஒருபுறமிருக்க, யார் உண்கிறார் என்ற பழைய வினா இன்னும் ஓயவில்லை என்பதையே அது காட்டுகின்றது.

வன்னியில் இன்று எருது பூட்டி உழுவோர் அருகிவிட்டனர்; சூடடிக்கும் களத்தில் இயந்திரம் நிற்கின்றது. விலக்கைத் தாங்கிய பொருளாதாரம் மறைந்துவிட்டது. அதனோடு ஒட்டி வளர்ந்த இழிவுரை மட்டும் மறைய மறுக்கின்றது. ஒரு வீட்டில் மாட்டிறைச்சி கொதிக்கும்போது அடுத்த வீட்டார் கதவை அடைத்துக்கொள்ளலாம். அது அவர் விருப்பம். மறுநாட் காலை அவ்விரு வீட்டாரும் ஒரே கிணற்றில் நீர் அள்ளுகின்றனரா என்பதே வரலாறு கேட்கும் கேள்வி.